யாரையும் சுற்றாத உப்பு

என் வயதுக்காரர்களே, கல் உப்பை நெருப்பில் போட்டால் எழும் அந்தச் சத்தம் உங்கள் காதுகளில் இன்னும் இருக்கிறதா? படபடவென்று, சின்னச் சின்னதாய், அடுப்புக்குள் யாரோ அவசர அவசரமாக நெட்டி முறிப்பதுபோல. இப்போது பைக்கற்றில் வருகிற உப்பு மாவுமாதிரி. நெருப்பில் தூவினால் தணலை ஒரு கணம் மஞ்சளாக்கிவிட்டுச் சும்மா கிடக்கிறது. என் சமையலறையில் அடுப்பே நீலச் சுடராகிவிட்டது. அதற்குள் எதைப் போட?

அந்தச் சத்தத்துக்கு இரசாயனவியலில் ஒரு பெயர் உண்டு. டெக்ரெபிடேசன். பாடப்புத்தகத்தின் ஏதோ ஒரு மூலையில் ஒரேயொரு தரம் வந்து, பரீட்சைக்கும் வராமல், படித்தவர் நினைவிலும் நிற்காமல் போய்விடுகிற சொல். எங்கள் வீட்டில் அதைச் சிவப்பு மையால் எழுதியவர், பக்கத்திலேயே தமிழில் 'பொரிந்து வெடித்தல்' என்றும் எழுதியிருந்தார். பெயர் தெரியாத ஓர் உப்பைக் கையில் தந்து இது என்னவென்று கேட்டால், உலர்ந்த சோதனைக்குழாயில் போட்டு முதலில் சூடாக்கிப் பார்ப்பார்கள். கபிலப் புகை வருகிறதா, குழாயின் குளிர்ந்த பக்கத்தில் நீர்த்துளி படிகிறதா, வெடிக்கிறதா. வெடித்தால் கறியுப்பாக இருக்கலாம், ஈயநைத்திரேற்றாக இருக்கலாம். அவ்வளவுதான் அந்தச் சொல்லுக்கு வேலை. ஒரு பொருளை அடையாளம் காண உதவும் சின்னச் சாட்சி.

எங்கள் வீட்டிலே அந்தச் சாட்சியை வைத்து ஒரு மனுசியை அடையாளம் கண்டார்கள். எனக்கு அப்போது பத்து வயது.

கச்சான் காற்று வீசுகிற மாதங்கள். காற்று என்று சொல்வதற்கு அதில் குளிர்ச்சி ஏதும் இல்லை. மேற்கிலிருந்து வந்து ஓர்ஸ் ஹில் என்ற குன்றின் சரிவில் இருந்த எங்கள் வீட்டுக் கதவுகளை அடித்து, கொடியில் காயும் துணியைச் சுருட்டி எறிந்துவிட்டு, உட்துறைமுகத்தின் நீரில் இறங்கிச் சுருக்கம் சுருக்கமாய் ஓடும். வீட்டின் பின்பக்கத்தில் நின்றால் இரண்டு கூரைகளுக்கு நடுவே ஒரு துண்டுத் துறைமுகம் தெரியும். அந்தத் துண்டுக்குள் சில வேளைகளில் மாமாவின் இழுவைப் படகு வந்து, ஒரு பெரிய கப்பலின் மூக்கைத் தள்ளிக்கொண்டு போய், மறையும்.

மாமா அம்மாவின் தம்பி. அவரும் மாமியும் எங்கள் வீட்டின் பக்கத்தறையில் இருந்தார்கள். மாமி நகரத்துப் பெண்கள் பாடசாலையில் இரசாயனம் படிப்பித்தார். கலியாணம் முடித்து ஏழு வருடம், பிள்ளை இல்லை. அப்பா தோப்பூரில் நெல் வாங்கும் நிலையத்தில் வேலை. மாதத்தில் ஒரு தரம் வந்துபோகிற மனிதர், நான் சொல்லப்போகிற கதையின்போது வரவேயில்லை.

அந்த ஆண்டுதான் தம்பி பிறந்தான். அம்மாவுக்குக் காய்ச்சல் பிடித்து எழும்ப ஏலாமல் போனதால், சாம்பல்தீவிலிருந்து பெரியம்மா வந்து இறங்கினார். அம்மாவின் மூத்த அக்கா. வரும்போது இரண்டு கோழி, ஒரு கட்டுப் பனையோலை, பிள்ளைப்பெற்றவளுக்கான காயச் சரக்கு, ஒரு சாக்கு உப்பு. நிலாவெளி உப்பளத்தில் அந்தக் கிழமைதான் வாரிய புது உப்பு. ஒவ்வொரு கல்லும் புளியங்கொட்டை அளவு. சாக்கின் அடி நனைந்திருந்தது. குசினி மூலையில் வைத்த இடத்தில் சீமெந்தில் ஈரவட்டம் விழுந்தது.

"கடையில விக்கிறது உப்போ? அது சும்மா வெள்ளை மண்," என்றார் பெரியம்மா.

அடுத்த நாளிலிருந்து வீடு முழுவதும் சரக்குக் கறியின் வாசனை. மிளகு, மஞ்சள், உள்ளி, இன்னும் பெயர் தெரியாத வேர்கள். அதன்மேல் சாம்பிராணி. அதன்மேல் பிள்ளையின் பால்வாசம். கண்ணை மூடினால் இந்த மூன்றும் இப்போதும் அடுக்கடுக்காய் வருகின்றன, ஒன்றோடொன்று கலக்காமல்.

தம்பி பகல் முழுக்கப் பொன்னான பிள்ளை. விளக்கு வைக்கிற நேரம் வந்தால் அழத்தொடங்குவான். முகம் செம்பரத்தையாகி, காலை வயிற்றோடு மடக்கி, இரண்டு மணித்தியாலம் அழுவான். மூன்று மாதம்வரை குழந்தைகளுக்கு இப்படி வரும், தானாகவே நிற்கும் என்று பிறகு நான் இரண்டு பெற்றபோது தெரிந்துகொண்டேன். குடும்ப மருத்துவிச்சியும் அப்போதே சொல்லித்தான் போனார். கேட்பதற்குத்தான் ஆள் இல்லை.

கண்பட்டது போக, பெரியம்மா நாவூறு கழிப்பார். வலது கைக்குள் ஒரு பிடி கல் உப்பு, மூன்று செத்தல் மிளகாய், கொஞ்சம் கடுகு. தம்பியை மூன்று தரம் சுற்றி, "ஊர்க்கண், உறவுக்கண், கொள்ளிக்கண்…" என்று வாய்க்குள் முணுமுணுத்து, நேரே குசினிக்கு நடந்து அடுப்பில் எறிவார். வெடிக்கும். அப்படி வெடிக்கும்! எனக்கு அதுதான் அந்த நாளின் திருவிழா. கதவோரம் நின்று காதைப் பொத்தித் திறந்து பொத்தித் திறந்து கேட்பேன்.

"கேட்டியே? இவ்வளவு கண் பட்டிருக்கு," என்பார் பெரியம்மா. யாருடைய கண் என்று முதற்கிழமை அவர் கேட்கவில்லை. ஊருக்கே பொதுவான கண்ணாக இருந்தது.

அதற்கு ஒரு சொந்தக்காரரைக் கொடுத்தவள் நான்.

மாமி இரண்டு மணிக்குப் பாடசாலை விட்டு வருவார். முகம் கழுவி, சீலை மாற்றி, நேரே தம்பியிடம் போவார். அவனை மடியில் நீட்டிப் போட்டுக்கொண்டு பார்த்தபடியே இருப்பார். பொழுதுபட அவன் அழத்தொடங்கும்வரை. ஒரு நாள் உப்பு வழக்கத்தைவிடக் கூட வெடித்தது. பெரியம்மா என் பக்கம் திரும்பி, "எடி பிள்ளை, இண்டைக்கு ஆர் இவனைத் தூக்கினது?" என்று கேட்டார்.

"மாமிதான். கண் வெட்டாமல் பாத்துக்கொண்டே இருந்தவ."

அழகான ஒன்றைச் சொல்வதாக நினைத்துத்தான் சொன்னேன். பெரியம்மாவின் முகம் அப்படியே நின்றுவிட்டது. கையில் ஒட்டியிருந்த உப்பைச் சீலையில் துடைத்தார், பிறகும் துடைத்தார்.

மறுநாள் மாமி வந்தபோது தம்பி பெரியம்மாவின் தோளில் கிடந்தான்.

"தாங்கோ அக்கா, நான் வைச்சிருக்கிறன்."

"இப்பதான் கண்ணயர்ந்தவன்."

அதற்கடுத்த நாள்: "குளிக்க வார்த்தனான், ஈரம்." அதற்கடுத்த நாள் காரணமும் இல்லை. "வேண்டாம் ரீச்சர். பிள்ளை இருக்கிற வீட்டிலை நாலையும் பாக்கவேணும்." உறவு சொல்லி மச்சாள் என்று அழைத்துக்கொண்டிருந்த பெரியம்மா, அன்றுதான் மாமியை ரீச்சர் என்றார்.

மாமிக்கு விளங்கிவிட்டது. இரண்டு கையையும் நீட்டியபடி நின்றவர் அவற்றை எங்கே வைப்பது என்று தெரியாமல், பக்கத்துக் கதிரையின் முதுகைப் பிடித்துக்கொண்டார். அம்மா காய்ச்சலுக்குள் கிடந்து, "அக்கா, என்ன கதை இது," என்று முனகினார். "நீ படு," என்றார் பெரியம்மா.

மாமி ஒரேயொரு தரம் வாய் திறந்தார். குசினியில், அடுப்பு வெடித்துக்கொண்டிருந்தபோது.

"அக்கா, குறை நினைக்காதேங்கோ. அது உப்புக்குள்ள அகப்பட்ட தண்ணி. சூடேற ஆவியாகும், வெளிய வர வழியில்லாமல் கல்லை உடைக்கும். அவ்வளவுதான்."

"ஓ! நாங்கள் அளத்துக்குப் பக்கத்தில பிறந்து வளந்தனாங்கள். ரீச்சர் எங்களுக்கு உப்புப் படிப்பிக்கப்போறாவோ?"

"படிப்பிக்கேல்லை அக்கா. சொன்னனான்."

"அப்ப நான் முந்தி ஒருக்கா கடையுப்புச் சுத்தேக்கை ஏன் வெடிக்கேல்லை? அதுக்குள்ள தண்ணி இல்லையோ?"

"அது தூள், அக்கா…"

"சரி சரி. தூளோ துகளோ. பிள்ளை அழுறது பொய்யோ?"

பிள்ளை அழுதது பொய்யில்லை.

அதன்பிறகு மாமி பின்னேரங்களில் அறைக்குள் இருந்து கொப்பி திருத்தினார். மாணவிகளின் செயன்முறைக் கொப்பிகள், மேசையில் ஒரு மதில்போல. அவர் முகம் கழுவப் போன நேரம் நான் போய் ஒன்றைப் புரட்டினேன். படங்கள் இருக்கும் என்ற ஆசையில்தான். ஒரு பக்கத்தில் குழாயும் சுடரும் கீறி, கீழே உருண்டை எழுத்தில் ஒரு மாணவி அக்கா எழுதியிருந்தாள்: 'அவதானம்: கறியுப்பைச் சூடாக்கியபோது படபடவென்று வெடித்தது. முடிபு: சோதனைக்குழாய்க்குக் கண்பட்டுள்ளது.'

எனக்குச் சிரிப்பு வந்தது. அந்த வரியின் கீழே சிவப்பு மையில் மாமி திட்டவில்லை, வெட்டவும் இல்லை. பொறுமையாக எழுதியிருந்தார். டெக்ரெபிடேசன், பொரிந்து வெடித்தல். மயில்துத்தம் நீரைத் தன் படிகத்தின், அதாவது பளிங்கின், பங்காகவே வைத்திருக்கும், கறியுப்பு அப்படியல்ல. வெய்யிலில் பளிங்கு கெதியாக வளரும்போது சுற்றியிருந்த கடல்நீரில் ஒரு துணுக்கு உள்ளே அகப்பட்டுவிடுகிறது. சூடாக்கினால் அது வெளியேறும்போது பளிங்கு உடையும். பெரிய கல்லென்றால் சத்தம் கூட. ஒருமுறை வெடித்து அடங்கிய உப்பைத் திரும்பச் சூடாக்கினால் வெடிக்காது. 'செய்து பார்க்கவும்' என்று முடித்திருந்தார்.

அந்த அக்கா செய்து பார்த்தாளோ தெரியாது. நான் பார்த்தேன்.

மதியம், பெரியம்மா அம்மாவின் கட்டிலடியில் பாயில் சரிந்திருந்த நேரம். கச்சான் கதவை இழுத்து இழுத்து அடித்துக்கொண்டிருந்ததால் வேறு சத்தம் எதுவும் பெரிதாகக் கேட்காது. இரும்புத் தாச்சியை அடுப்பில் வைத்து, பெரியம்மா சாக்கிலிருந்து எடுத்து வைக்கும் உப்புப் பானையில் இருந்ததை முழுக்கக் கொட்டி, மேலே ஒரு மூடியைப் போட்டேன். மூடிக்குள் மழை பெய்தது. கற்கள் எகிறி மூடியில் மோதின. கொஞ்சம் கொஞ்சமாய் அடங்கி, ஒன்று இரண்டாகி, நின்றது. மூடியைத் திறந்தால் கண்ணாடியாய் இருந்த கற்களெல்லாம் சுண்ணாம்பு வெள்ளையாய், நொறுங்கிப்போய். ஆறவிட்டுப் பானையில் திரும்பக் கொட்டினேன். உள்ளே இருந்த நிலாவெளிக் கடலையெல்லாம் துரத்திவிட்டதாக எனக்குப் பெருமை. இனி உப்பு வெடிக்காது, வெடிக்காவிட்டால் கண் இல்லை, கண் இல்லாவிட்டால் மாமி தம்பியைத் தூக்கலாம். பத்து வயதின் கணக்கில் மிச்சம் வராது.

விளக்கு வைத்தாயிற்று. தம்பி அழுதான். பெரியம்மா சுற்றினார். எறிந்தார்.

மிளகாய் கமறியது. கடுகு நாலைந்து பொட்டுப் பொட்டென்றது. உப்பு ஒரு வார்த்தை பேசவில்லை.

நான் பல்லைக் கடித்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டு நின்றேன். பெரியம்மா அடுப்பையே பார்த்தார். வெகுநேரம். திரும்பியபோது அவர் உதடு வெளுத்திருந்தது.

"எடி தங்கச்சி," என்று அறையை நோக்கிக் குரல் கொடுத்தார். "உப்பு வாய் திறக்கேல்லையடி. இது வெடிச்சுக் கழியிற கண்ணில்லை. உப்பையே அமத்திப் போட்டுது."

நான் கதவுக்குப் பின்னால் போய் ஒதுங்கினேன்.

அன்று மாமா வேலையால் வந்து சட்டையைக்கூடக் கழற்றவில்லை. எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, படகுக் கயிறு பிடித்துக் காய்ப்பேறிய உள்ளங்கையை மற்றக் கையால் தேய்த்துக்கொண்டு சொன்னார்: "சரி அக்கா. துறைமுக வீதிப் பக்கம் ஒரு அறை இருக்கு. ஞாயிற்றுக்கிழமை நாங்கள் போறம்."

"நான் போகச் சொன்னனானோ?"

"இல்லை. தொடக்கூடாதெண்டுதான் சொன்னனீங்கள்."

வியாழன், வெள்ளி. மாமியின் அறையில் அலுமாரி திறந்து மூடும் சத்தம். சனிக்கிழமை காலை கொப்பிகளும் புத்தகங்களும் பெட்டிக்குள் போயின. நான் கதவடியில் நின்றேன். மாமி என்னைப் பார்த்துச் சிரித்து, ஒரு வெற்றுச் சோதனைக்குழாயை எடுத்து நீட்டினார். "பூ வைக்கலாம்," என்றார். அந்தக் குழாயைப் பிறகு எந்த வீட்டு மாற்றத்தில் தொலைத்தேன் என்று தெரியவில்லை. அப்போது அதை வாங்கிக்கொண்டு நிற்க ஏலவில்லை. நான் சொன்ன ஒரு வரியும் வறுத்த ஒரு பானை உப்பும் சேர்ந்து இந்த மனுசியைப் பெட்டி கட்ட வைத்துவிட்டன. குசினிக்கு ஓடினேன்.

பெரியம்மா அம்மியில் சரக்கு அரைத்துக்கொண்டிருந்தார்.

"பெரியம்மா, உப்பை நான்தான் வறுத்தனான்."

"என்ன?"

"பானையில இருந்த உப்பை. வெடிக்கக்கூடாதெண்டு. ஒருக்கா வெடிச்ச உப்புக்குள்ள தண்ணி இல்லை, பிறகு வெடிக்காது. மாமியின்ரை கொப்பியில கிடக்கு. நான் செய்து பாத்தனான்."

அடி விழும் என்று தோளை உயர்த்திக்கொண்டேன். விழவில்லை. அம்மிக்குழவி பாதியில் நின்றது. மஞ்சள் கையோடு எழும்பி, பானையைப் பார்த்தார், வறுத்த உப்பில் ஒரு துண்டை நசுக்கிப் பார்த்தார். பிறகு மூலைச் சாக்கைத் திறந்து ஒரு பிடி புது உப்பை அள்ளினார்.

தம்பி உள்ளே நித்திரை. மாமி பெட்டியோடு. பெரியம்மா ஒருவரையும் சுற்றவில்லை. வாய்க்குள் ஒன்றும் முணுமுணுக்கவும் இல்லை. அப்படியே அடுப்பில் எறிந்தார்.

வெடித்தது.

இன்னொரு பிடி. வெடித்தது. மூன்றாவது பிடியை எறிந்துவிட்டு, அந்தச் சத்தம் முடியும்வரை நின்று, நிலத்தில் உட்கார்ந்துவிட்டார். கடுகு மணம் இல்லை, மிளகாய்க் கமறல் இல்லை. ஆனாலும் கண்ணால் நீர் வழிந்துகொண்டிருந்தது.

சத்தம் கேட்டு அம்மா சுவரைப் பிடித்துக்கொண்டு வந்து வாசலில் நின்றார்.

"ஒருத்தரையும் சுத்தேல்லையடி தங்கச்சி. சும்மா போட்டனான். வெடிக்குது," என்றார் பெரியம்மா. பிறகு, மிகச் சின்னக் குரலில்: "அப்ப, அண்டைக்கும் இப்படித்தானே வெடிச்சிருக்கும்? என்ரை பிள்ளைக்குச் சுத்தின அண்டைக்கு?"

பெரியம்மாவுக்கு ஒரு பெண்பிள்ளை பிறந்திருந்ததை நான் அன்றுதான் அறிந்தேன். நாற்பது நாள் இருந்ததாம். காய்ச்சல் வந்து, உப்புச் சுற்றி, அடுப்பு படபடத்தபோது அவருடைய மாமியார் சொன்னாராம்: "பெத்தவளின்ரை கண்தான். விடியவிடியக் கண் வெட்டாமல் பாத்துக்கொண்டெல்லோ இருந்தவள்." இரண்டு நாளில் பிள்ளை போய்விட்டது.

கண் வெட்டாமல். நான் சொன்ன அதே வார்த்தை எந்த இடத்தில் போய்க் குத்தியது என்று விளங்க எனக்கு இன்னும் முப்பது வருடம் தேவைப்பட்டது. பெரியம்மா தம்பியை எப்போதும் தோளில் போட்டு, முகம் தன் முதுகுப்பக்கம் இருக்கத்தான் வைத்திருப்பார். குளிக்க வார்க்கும்போதும் அவன் பாதங்களைத்தான் பார்ப்பார். பிள்ளையில் விருப்பமில்லாத மனுசி என்று நான் நினைத்திருந்தேன். மாமியைப் பிடிக்காதவர் என்று மாமா நினைத்திருந்தார். தன் கண்ணுக்குத் தானே பயந்து திரிந்தவர் இன்னொரு கண்ணைக் கண்டு பயந்தார் என்று எங்கள் ஒருவருக்கும் தோன்றவில்லை.

"அக்கா, அது காய்ச்சல். உங்கடை கண்ணில்லை. நான் எத்தினை தரம் சொன்னனான்," என்றார் அம்மா.

"நீ சொன்னனி. உப்புச் சொல்லேல்லை."

அம்மா மெலிந்த கையால் அக்காவின் தலையை வயிற்றோடு அணைத்துக்கொண்டு நின்றார். என்னை யாரும் போகச் சொல்லவில்லை.

பின்னேரம் தம்பி எழும்பினான். பெரியம்மா குனிந்து அவனைத் தூக்கினார். தோளில் போடவில்லை. இரண்டு கையிலும் ஏந்தி, முகத்துக்கு நேரே பிடித்து, பார்த்தார். நெற்றி, புருவம், உதடு என்று, முதன்முதலாகக் காண்பவர்போல. அவனும் பார்த்தான். பிறகு அவனைக் கொண்டு நேரே பக்கத்தறை வாசலுக்குப் போனார். மாமி கடைசிப் பெட்டிக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்தார்.

"மச்சாள், எனக்கு முழுக வேணும். உடம்பெல்லாம் புகை மணக்குது. இவனை ஒருக்கா பிடியுங்கோ."

மாமி எழும்பினார். கை வரவில்லை. "அக்கா, நான்…"

"பிடியுங்கோ எண்டெல்லோ சொல்லுறன். கழுத்துப் பத்திரம்."

மாமி வாங்கினார். கட்டிய கயிறு பாதியில் கிடந்தது. பெரியம்மா துவாயை எடுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போனார். கப்பி கிறீச்சிட்டது. முதல் வாளி. இரண்டாவது. பத்து வாளியோடு யாரும் முழுகி முடித்துவிடுவார்கள். வெய்யில் மதிலில் ஏறி, தென்னையில் ஏறி, போய்விட்டது. வாளி நிற்கவில்லை.

அம்மா விளக்கு வைத்தார். தம்பி காலை மடக்கி, முகம் சிவந்து, அழத்தொடங்கினான். மாமி பயந்துபோய் அவனை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு பின்கதவடிக்கு ஓடிவந்து நின்றார். அவர் கேட்கமுதலே கிணற்றடியிலிருந்து, தண்ணீர் விழும் சத்தத்துக்கு மேலாக, பெரியம்மாவின் குரல் வந்தது:

"வலப்பக்கத் தோளிலை போட்டு முதுகைத் தடவுங்கோ மச்சாள். நான் வர இன்னும் நேரமிருக்கு."